நாற்காலி போயிற்று, வேலை இருக்கிறது: நாகர்கோவிலில் ஒரு சர்வீஸ் வக்கீல் ஆபீஸ்

நாகர்கோவில் கோர்ட்டுக்குப் பக்கத்துச் சந்து ஒன்றில், ஜெராக்ஸ் கடைக்கு மேலே இரண்டாவது மாடியில் இருக்கும் ஒரு வக்கீல் ஆபீஸைப் பற்றித்தான் இது. பெயர் போடப் போவதில்லை. நல்லதும் சொல்வேன், குறையும் சொல்வேன், என் ஃபைல் ஒன்று இன்னும் அவர்கள் அலமாரியில் கிடக்கிறது, காரணம் அவ்வளவுதான். அரசு ஊழியர், ஆசிரியர் வேலை சம்பந்தமான கேஸ் மட்டும் பார்க்கிறவர்கள். சொத்துத் தகராறு, விவாகரத்து என்று யாராவது ஏறி வந்தால் கீழ்மாடியைக் காட்டி அனுப்பிவிடுவார்கள். ஐந்துக்கு எத்தனை என்று கேட்டால் மூன்றரை கொடுப்பேன். அந்த ஒன்றரை எங்கே போயிற்று என்று பிறகு சொல்கிறேன், முதலில் நான் ஏன் அந்தப் படி ஏறினேன் என்பதைச் சொல்ல வேண்டும், இல்லாவிட்டால் மீதி புரியாது.

நான் தோவாளைத் தாலுகாவில் ஒரு அரசு உதவிபெறும் தொடக்கப் பள்ளியில் இடைநிலை ஆசிரியை. 2008இல் சேர்ந்தேன். நியமிப்பது நிர்வாகம், சம்பளம் போடுவது அரசு, பணியிடத்துக்கு அனுமதி கொடுப்பதும் அரசு. தலைமையாசிரியரோடு சேர்த்து மூன்று பேர், அதில் நான்தான் ஜூனியர். எங்களைப் போன்றவர்களுக்கு ஆகஸ்ட் 1 என்றால் ஓணத்தைவிடப் பெரிய நாள். அன்றைய மாணவர் எண்ணிக்கையை வைத்துத்தான் அந்த வருடத்துப் பணியாளர் நிர்ணயம். கல்வி உரிமைச் சட்டக் கணக்குப்படி 60 பிள்ளைகள் வரைக்கும் இரண்டு ஆசிரியர், 61 முதல் 90 வரைக்கும் மூன்று. 2019 ஆகஸ்ட் 1 அன்று எங்கள் வருகைப் பதிவேட்டில் 61 பெயர். கல்வித் துறையின் ஆன்லைன் மாணவர் பதிவான எமிஸில் 58.

இடையில் காணாமல் போன அந்த மூன்று பேரும் ஒரே வீட்டுப் பிள்ளைகள். செங்கல் சூளையில் வேலை பார்க்கிற குடும்பம், ஜூலை முதல் வாரமே எங்களிடம் வந்துவிட்டார்கள். தினமும் வருகிறார்கள், மதியச் சாப்பாடு சாப்பிடுகிறார்கள், நடுவுள்ள பையனுக்கு நான்தான் பல் விழுந்ததற்குச் சமாதானம் சொன்னேன். ஆனால் முன்பு படித்த பள்ளி அவர்களை எமிஸில் காமன் பூலுக்கு, அதாவது பள்ளி மாறும் பிள்ளைகளின் பொதுப் பட்டியலுக்கு, விடவில்லை. விட்டால்தானே நாங்கள் இழுத்துக்கொள்ள முடியும். மூன்று தடவை போன் செய்தோம், ‘சர்வர் கிடைக்கல டீச்சர்’ என்றார்கள். சர்வர் கிடைத்தபோது ஆகஸ்ட் 9.

அப்புறம் நடந்தது எல்லோருக்கும் தெரிந்த வரிசைதான். மூன்றாவது பணியிடம் ‘ஆசிரியருடன் உபரி’ என்று பட்டியல் வந்தது. உபரி என்றால் பணிநிரவலில் வேறு பள்ளிக்கு அனுப்புவார்கள், தூரமாக இருந்தாலும் போய்க்கொள்ளலாம் என்று நினைத்திருந்தேன். அடுத்த மாதம் நிர்வாகத்திடமிருந்து ஐந்து வரிக் கடிதம் வந்தது. பணியிடம் ரத்தாகிவிட்டபடியால் இன்று பிற்பகல் பணியிலிருந்து விடுவிக்கப்படுகிறீர்கள் என்று. எங்கே போய்ச் சேர வேண்டும் என்று அதில் இல்லை. அந்தப் ‘பிற்பகல்’ என்ற வார்த்தையை இன்றுவரை மறக்க முடியவில்லை, முற்பகல் முழுக்க ஒன்றாம் வகுப்புக்கு ‘ழ’ எழுதச் சொல்லிக் கொடுத்துக்கொண்டு இருந்தேன்.

வீட்டில் அம்மாவுக்கு உடனே 2003 ஞாபகம் வந்துவிட்டது. அந்த ஜூலை மாதம் வேலைநிறுத்தத்தில் ஒரே வாரத்தில் லட்சக்கணக்கான அரசு ஊழியர், ஆசிரியர்களை டிஸ்மிஸ் செய்தார்களே, எங்கள் அப்பாவும் அதில் ஒருவர். உச்ச நீதிமன்றம் வேலைநிறுத்தம் செய்ய உரிமை கிடையாது என்று கண்டித்தது, ஆனாலும் பெரும்பாலானவர்களைத் திரும்ப எடுத்துக்கொள்ள வைத்தது. ‘அப்பாக்குக் கிடைச்சுதே, உனக்கும் கிடைக்கும் பிள்ளே, பயப்படாத’ என்றாள் அம்மா. அம்மா சொன்ன அந்த ஒப்பீடே தவறு என்பது எனக்கு இந்த ஆபீஸில் உட்கார்ந்த பிறகுதான் தெரிந்தது.

நேராக இங்கே வரவில்லை. முதலில் சங்கத்துக்காரர் ஒருவர் சொன்னபடி மனு. மாவட்டத்துக்கு ஒன்று, இயக்குநருக்கு ஒன்று, முதலமைச்சர் தனிப்பிரிவுக்கு ஒன்று, அதற்கு நினைவூட்டல் ஒன்று. அப்புறம் வேறு ஊரில் ஒரு வக்கீல், ‘மதுரைல போட்டா ஒரே வாரத்தில ஆர்டர் வாங்கித் தாறேன்’ என்றார். என்ன ஆர்டர் என்று நான் கேட்கவில்லை. பிறகுதான் தெரிந்தது, ‘மனுதாரரின் கோரிக்கையை 12 வாரத்துக்குள் பரிசீலித்து முடிவெடுக்கவும்’ என்கிற ஆர்டராம். அதாவது யார் முடியாது என்றார்களோ அவர்கள் மேசைக்கே திரும்பிப் போகும், அவர்கள் மறுபடி முடியாது என்று எழுதுவார்கள், இந்தத் தடவை கோர்ட் சொல்லி எழுதியதாக இருக்கும். மலிவாகக் கிடைக்கிற ஆர்டர் என்பதால் நம் மாவட்டத்தில் ஒருபாடு பேர் இதை வாங்கி வீட்டில் வைத்திருக்கிறார்கள். இப்படியே நான்கு மாதம் போயிற்று.

ஆக 2020 ஜனவரியில்தான் அந்த மாடிப்படி. லிஃப்ட் கிடையாது. முழங்கால் வலி இருப்பவர்கள் பையப் பைய ஏறிக்கொள்ளுங்கள், முதல் மாடித் திருப்பத்தில் ஒரு பெஞ்ச் போட்டிருக்கிறார்கள். காத்திருக்கிற இடத்தில் ஆறு பிளாஸ்டிக் நாற்காலி, ஒரு மின்விசிறி, பழைய அரசாணைகள் கட்டுக் கட்டாக. பக்கத்தில் உட்கார்ந்திருந்தவர் விளவங்கோடு பக்கத்துக்காரர், மக்கள் நலப் பணியாளராக இருந்தவர். அவர் கதையைக் கேட்டபோது என் கதை சின்னதாகிவிட்டது. 1989இல் ஊராட்சிகளில் உருவாக்கிய வேலை, ஆட்சி மாற மாற 1991இல் பறித்தார்கள், 1997இல் கொடுத்தார்கள், 2001இல் பறித்தார்கள், 2006இல் கொடுத்தார்கள், 2011 நவம்பரில் மறுபடி ரத்து. 13,500 பேர் வரை. உயர் நீதிமன்றத்தில் ஜெயித்தார்கள், உச்ச நீதிமன்றத்தில் தடை. ‘எங்க சர்வீஸ் ரிஜிஸ்டர பாத்தா தேர்தல் ரிசல்ட் மாதிரி இருக்கும் டீச்சர்’ என்று சிரித்தார். (அவருக்கு 2022இல் 7,500 ரூபாய்க்கு ஊராட்சியில் ஒருங்கிணைப்பாளர் வேலை வந்தது, 2023 ஏப்ரலில் உச்ச நீதிமன்றமும் அந்தத் திட்டத்தை ஏற்றுக்கொண்டு வழக்கை முடித்தது. ஜெயித்ததா தோற்றதா என்று கேட்டேன். ‘ரேஷன் வாங்க ஆகுது’ என்றார்.)

முதல் ஆலோசனைக்கு 1,000 ரூபாய். அன்றைக்கு அது எனக்குப் பெரிய காசு. ஆனால் ஒரு மணி நேரத்துக்கும் மேல் பேசினார். பெரிய வக்கீலே பேசினார், ஜூனியரை அனுப்பவில்லை. இந்த ஆபீஸைப் பற்றி நான் சொல்லும் நல்லதில் முக்கால்வாசி அந்த ஒரு மணி நேரத்துக்குள்ளேயே இருக்கிறது. நான் அழ ஆரம்பித்தேன். அவர் தண்ணீர் பாட்டிலைத் தள்ளி வைத்துவிட்டு, ‘அழாண்டாம் டீச்சர். முதல்ல நாம எங்க தோப்போம்னு பாப்போம், ஜெயிக்கியத பொறவு பாக்கலாம்’ என்றார். ஒரு பழைய கேஸ் கட்டின் பின்பக்கத்தில் பென்சிலால் ஒரு நாற்காலி வரைந்தார், பக்கத்தில் ஒரு குச்சி ஆள். நாற்காலி பணியிடம், குச்சி ஆள் நான்.

நாற்காலியை அரசு எடுத்துக்கொள்ளலாம். அதைக் கேட்க நமக்கு உரிமை மிகக் குறைவு. 1973இல் ராமநாத பிள்ளை என்பவர் கேரள அரசுக்கு எதிராகப் போட்ட வழக்கில் உச்ச நீதிமன்றம் ஐந்து நீதிபதிகள் உட்கார்ந்து சொல்லிவிட்டது: பணியிடத்தை ரத்து செய்வது அரசின் அதிகாரம், அதனால் ஒருவருக்கு வேலை போவது தண்டனை ஆகாது, அரசியலமைப்பின் 311ஆவது பிரிவு சொல்கிற விளக்கம் கேட்பது, விசாரணை வைப்பது எதுவும் இதற்குக் கிடையாது. இங்கேதான் அம்மா சொன்ன 2003 ஒப்பீடு விழுந்தது. அப்பாவை அனுப்பியது குற்றம் சாட்டி. என்னை அனுப்பியது கணக்குப் பார்த்து. கணக்குப் பார்த்து அனுப்பினால் ‘என்னை ஏன் விசாரிக்கவில்லை’ என்று கத்திப் பயனில்லை.

1980இல் எம்.ஜி.ஆர். அரசு ஒரே அவசரச் சட்டத்தில் கர்ணம், மணியம் என்று கிராமத்துப் பகுதிநேர அதிகாரிகள் இருபதாயிரம் பேருக்கும் மேல் வீட்டுக்கு அனுப்பியதையும் சொன்னார். அதற்கு எதிரான ராஜேந்திரன் வழக்கிலும் 1982இல் அரசுதான் ஜெயித்தது. நாம் இன்று பார்க்கிற வி.ஏ.ஓ. எல்லாம் அந்த ரத்துக்குப் பிறகு வந்தவர்கள். ‘பரம்பரையா இருந்தவனையே எடுத்துட்டான், நீங்க பதினோரு வருசம்’ என்றார். கொஞ்சம் கடுமையான பேச்சுதான். ஆனால் நான்கு மாதமாக எல்லோரும் ‘ஜெயிச்சிரலாம்’ என்று சொல்லிச் சொல்லிப் புளித்துப்போன காதுக்கு அது நன்றாக இருந்தது.

சரி, அப்படியானால் எதற்கு வழக்கு? அரசின் அதிகாரத்துக்கு ஒரு வேலி இருக்கிறது, அது நல்லெண்ணம் என்றார். 1976இல் ஹரியானாவிலிருந்து போன ஒரு வழக்கில் சொன்னது. ஒரு ஆளைத் துரத்துவதற்காக நாற்காலியை உடைத்துவிட்டு, நாளைக்கே வேறு பெயரில் புது நாற்காலி போட்டால் கோர்ட் தலையிடும். என் விஷயத்தில் அப்படி ஒன்றும் இல்லை, யாருக்கும் என்மேல் பகை இல்லை. எமிஸ் கணக்கை வேண்டுமானால் கேட்கலாம், பதிவேட்டில் 61 இருக்கிறதே என்று. அதையும் அவர் பெரிதாக நம்பவில்லை. ‘அதையும் எழுதுவோம். ஆனா அதுல தொங்காண்டாம். துறை எமிஸைத்தான் காட்டும்.’

அவர் தொங்கியது குச்சி ஆளில். நாற்காலி போனால் ஆள் போக வேண்டும் என்று எங்கே எழுதியிருக்கிறது? உதவிபெறும் பள்ளிகளுக்கு அன்றைக்கு நடைமுறையில் இருந்தது 1973ஆம் வருடத்துத் தனியார் பள்ளிகள் ஒழுங்குமுறைச் சட்டம். (இப்போது 2018 சட்டமும் அதன் 2023 விதிகளும், புதிதாகப் போகிறவர்கள் அதைப் பார்க்க வேண்டும்.) அதன் 22ஆவது பிரிவில் டிஸ்மிஸ், நீக்கம் மட்டுமில்லை, வேறு எந்த விதத்தில் ஆசிரியரின் பணியை முடித்தாலும் கல்வித் துறையின் முன் ஒப்புதல் வேண்டும் என்று இருக்கிறது. அந்த ‘வேறு எந்த விதத்தில்’ என்ற வார்த்தைகளைப் பென்சிலால் இரண்டு தடவை அடிக்கோடிட்டார். என் ஐந்து வரிக் கடிதத்தில் எந்த ஒப்புதலின் எண்ணும் இல்லை. துறை சொன்னது பணியிடம் உபரி என்று, அவ்வளவுதான். ஆளை அனுப்பச் சொல்லவில்லை. ஆளை அனுப்பியது நிர்வாகம், யாரையும் கேட்காமல். ‘இந்தச் சந்து போதும் டீச்சர், நாம இதுக்குள்ள பூந்து போவோம்.’

லேபர் கோர்ட்டுக்குப் போகலாமே என்று என் மைத்துனர் சொல்லிவிட்டிருந்தார், அதையும் கேட்டேன். கோவாவில் ஒரு பள்ளியில் வேலை போன சுந்தராம்பாள் என்ற ஆசிரியை அப்படித்தான் போனார், ஆசிரியர் சட்டப்படி ‘தொழிலாளி’ ஆகமாட்டார் என்று 1988இல் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. பெயரைப் பார்த்தால் நம்மூர்க்காரர் போல இருக்கிறது, பாவம், அவர் தோற்றது நாடு முழுக்க ஆசிரியர்கள் அத்தனை பேருக்கும் அந்தக் கதவைச் சாத்திவிட்டது. ஆகவே உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளையில் ரிட் மட்டும்தான், அதாவது அரசின் செயலை எதிர்த்து நேராக உயர் நீதிமன்றத்தில் போடும் மனு.

மனு மேல் மனு போட்ட என் நான்கு மாதத்துக்கும் அன்று பதில் கிடைத்தது. மனு போட்டுக்கொண்டே இருந்தால் காலம் நிற்காது. ஜேக்கப் என்பவர் நம் மாநிலத்துக் கனிமவளத் துறைக்கு எதிராக நடத்திய வழக்கில் 2008இல் உச்ச நீதிமன்றம் இதைத்தான் சொன்னது, பழைய கோரிக்கைக்கு மனு கொடுத்துப் பதில் வாங்கினால் அது புதுசு ஆகிவிடாது என்று. எனக்கு நான்கு மாதம்தான் என்பதால் வழக்கு கெடவில்லை, ஆனால் வேறு விதத்தில் அடி விழுந்தது. கடிதம் கிடைத்த வாரமே வந்திருந்தால் இடைக்காலத் தடை கேட்டிருக்கலாம். ஏற்கெனவே விடுவித்தாயிற்று, இனி எதைத் தடுப்பது என்று நீதிபதி கேட்டால் நமக்கு வாய் இல்லை. அப்படியேதான் கேட்டார்.

பிரமாணப் பத்திரம் தயாரித்த விதத்துக்கு முழு மதிப்பெண் கொடுப்பேன். இரண்டு நாள் உட்கார வைத்து, நியமன ஆணை, ஒப்புதல் ஆணை, வருகைப் பதிவேட்டின் அந்த மாதப் பக்கங்கள், மூன்று பிள்ளைகளின் சேர்க்கை விண்ணப்பம் எல்லாவற்றையும் தேதி வரிசையில் அடுக்கினார்கள். ஜூனியர் பெண் ஒருத்தி, இருபத்தைந்து வயது இருக்கும், திடீரென்று, ‘அக்கா, டியூஷன் எடுக்கியளா?’ என்று கேட்டாள். எடுத்துக்கொண்டுதான் இருந்தேன். பூதப்பாண்டியில் வீட்டுத் திண்ணையில் ஒன்பது பிள்ளைகள், மாதம் 2,700 ரூபாய். மறைக்கலாம் என்று நினைத்தேன். கூடாது என்றாள். மகாராஷ்டிரத்தில் தீபாலி என்ற ஆசிரியையின் வழக்கில் 2013இல் உச்ச நீதிமன்றம் சொன்னபடி, தவறாக வேலையிலிருந்து அனுப்பப்பட்டவர் திரும்ப வரும்போது பின்சம்பளம், அதாவது வெளியே இருந்த காலத்துச் சம்பளம், கிடைப்பதுதான் வழக்கமான விதி, ஆனால் இடைப்பட்ட காலத்தில் வேறு வேலை இல்லை என்று முதலில் நாம்தான் சத்தியம் பண்ணிச் சொல்ல வேண்டும். பொய் சொல்லி, எதிர்த்தரப்பு நம் திண்ணையைப் போட்டோ எடுத்துக் கொண்டுவந்தால் பின்சம்பளம் மட்டுமில்லை, நம் பேச்சு மொத்தமும் போகும். 2,700 என்று அப்படியே எழுதினோம். கையெழுத்துப் போடும்போது வெட்கமாக இருந்தது, ஏன் என்று தெரியவில்லை.

இனி அந்த ஒன்றரை.

முதல் குறை, தேதி. இவ்வளவு கவனமாகத் தயாரித்த பத்திரத்தில் என் நியமனத் தேதியில் 2008க்குப் பதில் 2018 என்று அடித்துவிட்டார்கள். நான் வாசித்துத்தான் கையெழுத்துப் போட்டேன், எனக்கும் கண்ணில் படவில்லை, அதனால் பாதிப் பழி எனக்கு. ஆனால் எதிர்த்தரப்பு பதில் மனுவில் ‘ஒரு வருடம்தான் பணியாற்றியவர்’ என்று எழுதியபோது என் வயிறு எப்படி எரிந்தது என்று சொல்ல முடியாது. திருத்த மனு போட இரண்டு மாதம். அதற்கு டைப்பிங், பேட்டா என்று தனியாக 1,500 ரூபாய் குமாஸ்தா கேட்டார். அவர்கள் பிழைக்கு நான் ஏன் காசு கொடுக்க வேண்டும் என்று பெரியவரிடம் நேராகக் கேட்டேன், அவர் குமாஸ்தாவைக் கூப்பிட்டுத் திருப்பித் தரச் சொன்னார். கேட்டதால் கிடைத்தது. கேட்காதவர்கள் கொடுத்துவிட்டுப் போயிருப்பார்கள்.

இரண்டாவது குறையைத்தான் என்னால் மன்னிக்க முடியவில்லை. மொத்தம் 45,000 ரூபாய் ஆயிற்று, மதுரையில் வாதாடிய வக்கீலையும் சேர்த்து, மூன்று தவணையில். இரண்டுக்கு ரசீது கொடுத்தார்கள், மூன்றாவதுக்கு இன்னும் ‘தாறேன் டீச்சர்’. காசு அதிகம் என்று சொல்லவில்லை, விசாரித்துப் பார்த்தால் நியாயமான தொகைதான். ஆனால் 1987ஆம் வருடத்துச் சட்டப் பணிகள் ஆணையச் சட்டத்தின் 12ஆவது பிரிவின்படி பெண் என்றால் வருமானம் எவ்வளவு இருந்தாலும் இலவச சட்ட உதவிக்கு உரிமை உண்டு. கோர்ட் வளாகத்திலேயே மாவட்டச் சட்டப் பணிகள் ஆணைக்குழு இருக்கிறது, மதுரைக் கிளைக்கும் தனிக் குழு இருக்கிறது. இது எனக்கு 2021இல் வேறொரு டீச்சர் சொல்லித்தான் தெரிந்தது. அதற்குள் கடைசி வளையலும் அடகுக் கடைக்குப் போய்விட்டது. அங்கே போயிருந்தால் இதே தரத்தில் வாதம் கிடைத்திருக்குமா என்பது வேறு கேள்வி, நானே இங்கேதான் வந்திருப்பேனோ என்னவோ. ஆனால் அப்படி ஒரு வழி இருக்கிறது என்று முதல் நாளே ஒரு வாக்கியம் சொல்லியிருக்கலாம். எங்கே தோற்போம் என்று அவ்வளவு நேர்மையாகச் சொன்ன மனிதர் இதை விட்டுவிட்டார்.

மூன்றாவது, போன். எடுக்கமாட்டார்கள். வாட்ஸ்அப்பில் இரண்டு நீலக்கோடு விழும், பதில் வராது. கீழே ஜெராக்ஸ் கடையில் கேஸ் நிலவரம் பார்த்துச் சொல்ல 50 ரூபாய் வாங்குகிறார்கள், அதையும் கொடுத்திருக்கிறேன், பிறகுதான் இ-கோர்ட்ஸ் செயலியில் வழக்கு எண்ணைப் போட்டால் காசில்லாமல் தெரியும் என்று என் மகன் காட்டினான். அடுத்த தேதி, போன தேதி, யார் முன்னால் எல்லாம் இருக்கிறது. உயர் நீதிமன்றத் தளத்தில் ஆர்டரையே இறக்கிக்கொள்ளலாம். இதைத் தெரிந்துகொண்ட பிறகு நான் அவர்களுக்குப் போன் செய்வதை நிறுத்திவிட்டேன், உறவு நன்றாக ஆகிவிட்டது.

நடுவில் கொரோனா வந்து எல்லாம் நின்றுபோனது. 2020 மார்ச்சில் வர வேண்டிய தேதி எங்கோ போனது. அப்புறம் காணொளியில் விசாரணை. ஒரு நாள் நானும் இணைப்பு வாங்கிப் பார்த்தேன், என் வழக்கு எண் கூப்பிட்ட நேரத்தில் எங்கள் தெருவில் கரண்ட் போய்விட்டது. ஒரே ஒரு தடவை நேரில் போனேன். வடசேரியில் இரவு பஸ் ஏறினால் விடியலில் மாட்டுத்தாவணி, அங்கிருந்து ஒத்தக்கடை. பின்னால் யானைமலை அப்படியே படுத்திருக்கிறது, முன்னால் அவ்வளவு பெரிய வளாகம். கட்டாயம் இல்லை, ரிட்டுக்கு மனுதாரர் போகவே வேண்டாம் என்று ஆபீஸில் சொல்லியிருந்தார்கள். எனக்குத்தான் மனசு கேட்கவில்லை. 240 கிலோமீட்டர் போய் உட்கார்ந்தேன், என் வழக்கு நான்கு நிமிடம் நடந்தது. அரசு வக்கீல் அவகாசம் கேட்டார், கிடைத்தது. கேண்டீனில் ஒரு சாயா குடித்துவிட்டுத் திரும்பினேன்.

தீர்ப்பு 2022 மத்தியில். பெரியவர் பென்சிலில் வரைந்த படம்தான் தீர்ப்பாக வந்தது என்று சொல்வேன். பணியிடம் உபரி என்ற துறையின் முடிவில் நீதிமன்றம் தலையிடவில்லை, எமிஸ் கணக்கே நின்றது, என் 61 தோற்றது. ஆனால் முன் ஒப்புதல் இல்லாமல் விடுவித்த கடிதம் ரத்து. 12 வாரத்துக்குள் உதவிபெறும் பள்ளி ஒன்றில் காலியிடத்தில் என்னைப் பணியமர்த்த வேண்டும், வெளியே இருந்த காலம் ஓய்வூதியத்துக்கும் பதவி உயர்வுக்கும் பணிக்காலமாகக் கணக்கில் வரும், சம்பளம் மட்டும் கிடையாது. போனில் பெரியவரே கூப்பிட்டுச் சொன்னார். அந்த ஒரு தடவை அவர்கள் ஆபீஸிலிருந்து போன் வந்தது.

12 வாரம் போயிற்று. இன்னும் இரண்டு மாதமும் போயிற்று. ஆணை வரவில்லை. நான் மறுபடி மனு எழுதத் தயாரானேன், பழக்கதோஷம். ‘பேனாவை கீழ வையுங்க டீச்சர்’ என்றாள் அந்த ஜூனியர் பெண். கோர்ட் சொன்னதைச் செய்யாவிட்டால் அவமதிப்பு மனு, அதற்கு ஒரு வருடம்தான் கெடு, அதைத் தாண்டினால் கையில் ஆர்டர் இருந்தும் அந்த ஆயுதம் போய்விடும். இதைத் தெரியாமல் ஆர்டரைக் கண்ணாடி போட்டு வைத்துக்கொண்டு மூன்று வருடம் காத்திருந்தவர்கள் அந்த பெஞ்சிலேயே இரண்டு பேர் இருந்தார்கள். முதலில் நோட்டீஸ் அனுப்பினார்கள், அசையவில்லை. மனு போட்டு எண் ஆன ஒன்பதாவது நாள் பணியமர்வு ஆணை வந்தது. வெள்ளிக்கிழமை சாயங்காலம் ஐந்தரைக்கு, வாட்ஸ்அப்பில்.

2023 ஜனவரியில் குளச்சல் பக்கம் ஒரு பள்ளியில் சேர்ந்தேன். பூதப்பாண்டியிலிருந்து இரண்டு பஸ். டவுன் பஸ்ஸில் பெண்களுக்கு டிக்கெட் இல்லை என்பதால் காசு தப்பித்தது, நேரம் தப்பவில்லை, போக வர மூன்று மணி நேரத்துக்குக் குறையாது. என் பழைய பள்ளியில் இப்போதும் இரண்டு நாற்காலிதான். அந்தச் சூளைப் பிள்ளைகள் மூன்று பேரும் எங்கே என்று கேட்டேன், ஊருக்குப் போய்விட்டார்களாம்.

போன மாதம் ஃபைல் விஷயமாகப் போனபோது காத்திருக்கும் அறையில் உட்கார இடமில்லை. எல்லாம் டெட் கேஸ், ஆசிரியர் தகுதித் தேர்வு. 2025 செப்டம்பர் 1 அன்று உச்ச நீதிமன்றம், ஐந்து வருடத்துக்கு மேல் சர்வீஸ் மீதி இருக்கிற ஆசிரியர்கள் இரண்டு வருடத்துக்குள் டெட் தேற வேண்டும் என்று சொன்னதிலிருந்து இந்தக் கூட்டமாம். 2008இல் சேர்ந்த எனக்கும் அது உண்டு. இருபது பேர் முன்னால் பெரியவர் வெளியே வந்து நின்று, இது உச்ச நீதிமன்றம் சொன்னது, மதுரையில் போட்டு மாற்ற முடியாது, என்னிடம் 1,000 ரூபாய் கொடுக்கிறதுக்கு அந்தக் காசில் புத்தகம் வாங்கிப் படியுங்கள் என்று சொல்லிப் பாதிப் பேரைத் திருப்பி அனுப்பினார். குமாஸ்தா முகத்தைப் பார்க்க வேண்டுமே.

போகிறவர்களுக்கு ஒன்று. பணியிடம் ரத்து, உபரி, சரண்டர், எந்தப் பெயரில் கடிதம் வந்தாலும் வாங்கிய அன்றே தேதி போட்டுக் கையெழுத்திட்ட நகலை எடுத்து வைத்துக்கொண்டு, அந்த வாரத்துக்குள் போங்கள். முதலில் கோர்ட் வளாகத்துச் சட்டப் பணிகள் ஆணைக்குழுவில் ஒரு எட்டு விசாரியுங்கள், பிறகு மாடி ஏறுங்கள். ஆபீஸ் காலை ஏழரை முதல் ஒன்பதரை, சாயங்காலம் ஆறுக்கு மேல், நடுவில் எல்லோரும் கோர்ட்டில். அசல் சான்றிதழ் எதையும் கையில் கொடுத்துவிட்டு வராதீர்கள். பின்சம்பளத்துக்காகப் போட்ட ரிட் அப்பீல் நிலுவையில் இருக்கிறது, அதற்கென்று என் ஒப்புதல் ஆணையின் அசலைக் கேட்டு வாங்கினார்கள், இப்போது எந்த அலமாரி என்று அவர்களுக்கே தெரியவில்லை. சனிக்கிழமை வரச் சொல்லியிருக்கிறார்கள், அந்த மூன்றாவது ரசீதையும் கேட்கலாம் என்று இருக்கிறேன்.